வெல்லம் கடைசியில்: புளிமிளகாயும் சீனி மிளகாயும்

போன அத்தியாயத்தில் மோர்மிளகாயைப் பார்த்தோம். அது வெயிலில் காய்ந்து வற்றலாகிவிடுவதால் அதைப் பற்றிப் பெரிதாகக் கவலைப்பட வேண்டியதில்லை. இந்த அத்தியாயத்தில் வரும் மிளகாய் காயாது. சதைப்பற்றோடு, கடித்தால் சாறு இறங்கும் பக்குவத்தில், ஜாடிக்குள் மாதக்கணக்கில் இருக்க வேண்டும். கூடவே இனிக்கவும் வேண்டும். ஆகவே இதில் கை கொஞ்சம் கவனமாக இருக்க வேண்டும்.

இனிப்பும் காரமும் சேர்ந்த மிளகாய் என்றால் நம் வீடுகளில் புளிமிளகாய்தான். பச்சை மிளகாயை நல்லெண்ணெயில் வதக்கி, கெட்டிப் புளிக்கரைசலில் வேகவைத்து, வெல்லம் போட்டுச் சுருள இறக்குவது. இட்லிக்கும் அடைக்கும் தொட்டுக்கொள்ளலாம். தயிர்சாதத்துக்கு இதைவிடப் பொருத்தமான துணை எனக்குத் தெரிந்து கிடையாது. கம்பங்கூழ் குடிக்கிறவர்கள் ஒரு மிளகாயை எடுத்து ஓரத்தில் வைத்துக்கொண்டு கடித்துக் கடித்துக் குடிப்பார்கள். ரயில் பயணத்துக்கு இட்லி கட்டும்போது மிளகாய்ப்பொடிக்கு அடுத்தபடி நினைவுக்கு வருவதும் இதுதான்.

செய்வது சுலபம் என்று சொல்வார்கள். பொருள்கள் குறைவு, உண்மைதான். ஆனாலும் பலர் வீட்டில் மிளகாய் தோல் போல இழுத்துக்கொண்டு வரும். தொக்கு ருசியாக இருக்கும், மிளகாயை மட்டும் எல்லோரும் தட்டோரத்தில் ஒதுக்கிவைப்பார்கள். காரணம் அளவில் இல்லை, வரிசையில் இருக்கிறது. நான் இதை விருதுநகரில் என் பெரியம்மாவிடம் கற்றேன். புளியும் வெல்லமும் ஒன்றாகச் சட்டியில் விழுந்தால் வேலை சீக்கிரம் முடியுமே என்று நான் வெல்லத்தைத் தூக்கியபோது என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார். “வெல்லத்துக்கு என்னடி அவசரம்? மிளகா மொதல்ல அடங்கட்டும்” என்றார். இந்த அத்தியாயம் முழுக்க அந்த ஒரு வாக்கியத்தின் விளக்கம்தான்.

மிளகாயின் தோல் மெழுகு பூசியது போன்றது. உப்போ புளியோ எளிதில் உள்ளே போகாது. முதலில் எண்ணெயில் வதங்கினால்தான் தோல் தளரும். வதங்குவதற்கு முன் புளிக்கரைசலை ஊற்றினால், புளிப்பில் காய் வேகத் தாமதமாகும். புளிக்குழம்பில் கத்தரிக்காயை வதக்காமல் போட்டவர்களுக்கு இது தெரிந்திருக்கும். வெல்லம் இன்னும் ஒரு படி மேலே. இனிப்பு, காய்க்குள் இருக்கும் நீரை வெளியே இழுக்கும். வேகாத மிளகாயிலிருந்து நீரை இழுத்தால் அது சுருங்கி இறுகிவிடும். அதன்பிறகு எவ்வளவு நேரம் கொதித்தாலும் இளகாது. எனவே எண்ணெய் முதலில், புளி அடுத்து, வெல்லம் கடைசியில். இந்த வரிசை மாறக்கூடாது.

எந்த மிளகாய்

சந்தையில் பச்சை மிளகாய் என்று ஒரே பெயரில் பல ரகங்கள் கிடக்கும். விரல் நீளத்தில், மெல்லிய தோலோடு இருக்கும் சம்பா வகை காரமானது; அரை அங்குலத் துண்டுகளாக நறுக்கித் தொக்குப் பதத்தில் வைக்க ஏற்றது. முழுதாக வைக்க நினைத்தால் குட்டையாக, சற்றுப் பருமனாக, தோல் தடித்த மிளகாயைப் பொறுக்குங்கள். ராமநாதபுரம் குண்டு மிளகாய் 2023இல் புவிசார் குறியீடு பெற்றது. அது பெரும்பாலும் வற்றலாகத்தான் கடைக்கு வருகிறது. அந்தப் பக்கத்தில் இருப்பவர்களுக்குப் பச்சையாகக் கிடைத்தால் விடாதீர்கள். கோவில்பட்டி வேளாண் ஆராய்ச்சி நிலையம் வெளியிட்ட கே-1, கே-2, பெரியகுளம் தோட்டக்கலைக் கல்லூரியின் பி.கே.எம்.-1 என்று ரகப் பெயர் சொல்லி விதை வாங்கி மாடித்தோட்டத்தில் வளர்க்கிறவர்கள் இப்போது நிறைய இருக்கிறார்கள். வீட்டுச் செடியில் பறித்த மிளகாய்க்கு ஒரு வசதி உண்டு. பறித்த அன்றே சட்டியில் போடலாம்.

காரம் தாங்காத வீட்டுக்குப் பஜ்ஜி மிளகாய் நல்லது. யாழ்ப்பாணத்தில் இதைப் போன்ற பருத்த மிளகாயைக் கறிமிளகாய் என்பார்கள். சதை அதிகம், காரம் குறைவு. ஆனால் நீரும் அதிகம் என்பதால் வதக்கும் நேரம் கூடும். காந்தாரி மிளகாய் பக்கம் போக வேண்டாம் என்பது என் யோசனை. அது உப்புநீரிலும் வினிகரிலும் அருமையாக இருக்கும். வெல்லப்பாகில் அதன் காரம் தனியாகத் துருத்திக்கொண்டு நிற்கும்.

எந்த ரகமானாலும் காம்பு பச்சையாக, மிளகாயோடு இறுகப் பிடித்திருக்க வேண்டும். காம்பு கறுத்திருந்தால் உள்ளே விதை கறுத்திருக்க வாய்ப்பு அதிகம். மிளகாயை வளைத்துப் பாருங்கள். புதியது சட்டென்று ஒடியும், பழையது ரப்பர் போல வளையும்.

காரம் எங்கே இருக்கிறது

விதையில்தான் காரம் என்று பலரும் நினைக்கிறார்கள். ஒரு மிளகாயை நீளவாக்கில் பிளந்து பாருங்கள். விதைகள் ஒட்டிக்கொண்டிருக்கும் வெளிறிய சதை ஒன்று காம்படியிலிருந்து கீழே இறங்கும். காரத்தைத் தரும் கேப்சைசின் அங்கேதான் உருவாகிறது. விதை அதை ஒட்டியிருப்பதால் காரம் பூசிக்கொள்கிறது, அவ்வளவுதான். காரத்தைக் குறைக்க வேண்டுமானால் விதையை உதறினால் போதாது. கத்தி முனையால் அந்த வெள்ளைச் சதையை வழித்து எடுக்க வேண்டும். கால் கிலோ மிளகாயில் பாதிக்கு மட்டும் இப்படிச் செய்து, மீதியை அப்படியே விட்டால் குழந்தைகளும் தொட்டுக்கொள்ளும் அளவில் இருக்கும்.

கேப்சைசின் தண்ணீரில் கரையாது, எண்ணெயில் கரையும். இதை நினைவில் வைத்துக்கொண்டால் சமையலறையில் பல விஷயங்கள் விளங்கும். புளிமிளகாயில் மேலே நிற்கும் எண்ணெய், மிளகாயைவிடச் சுறுசுறுவென்று இருப்பது இதனால்தான். வைத்த அன்று மிளகாய் காரமாகவும் தொக்கு சாதுவாகவும் இருக்கும். பத்து நாள் கழித்துப் பார்த்தால் காரம் மிளகாயிலிருந்து எண்ணெய்க்கு இறங்கியிருக்கும். அப்போதுதான் முழு மிளகாயைத் தைரியமாகக் கடிக்க முடிகிறது. ஆகவே வைத்த அன்றே ருசி பார்த்துவிட்டு, காரம் தாங்கவில்லை என்று மேலும் மேலும் வெல்லம் போடாதீர்கள்.

இனிப்பு, காரத்தை அடக்குவது போல் தோன்றுவது நம் நாக்கின் பழக்கம் மட்டுமில்லை. 1912இல் வில்பர் ஸ்கோவில் என்ற அமெரிக்க மருந்தியல் வல்லுநர் மிளகாயின் காரத்தை அளக்க ஒரு முறை கண்டுபிடித்தார். மிளகாய்ச் சாரத்தைச் சீனித் தண்ணீரில் கலந்து, காரம் நாக்குக்குத் தெரியாமல் போகும்வரை நீர்க்கச் செய்துகொண்டே போவார். எத்தனை மடங்கு நீர்த்ததோ அதுவே அந்த மிளகாயின் காரப் புள்ளி. இன்றும் மிளகாய்க் காரத்துக்கு அவர் பெயரில்தான் அளவு சொல்கிறார்கள்.

கை எரிச்சலுக்கு ஒரு வார்த்தை. கால் கிலோ மிளகாயைக் கீறி முடிப்பதற்குள் விரல்கள் எரியத் தொடங்கும்; தண்ணீரில் எத்தனை முறை கழுவினாலும் போகாது. முதல் தடவை நான் அதே கையோடு கண்ணைக் கசக்கிவிட்டு ஒரு மணி நேரம் தவித்தேன். கையுறை போட்டுக்கொள்ளுங்கள். இல்லாவிட்டால், ஆரம்பிக்கும்போதே விரல்களில் எண்ணெய் தடவிக்கொண்டு, முடித்ததும் மறுபடி எண்ணெய் தேய்த்துத் துடைத்துவிட்டுச் சோப்புப் போட்டுக் கழுவுங்கள். கத்தியையும் பலகையையும் மறக்க வேண்டாம்.

பொருள்களும் அளவும்

பச்சை மிளகாய் 250 கிராம். அதற்குப் புளி 100 கிராம், வெல்லம் 100 கிராம், நல்லெண்ணெய் 150 மி.லி., கல்லுப்பு 40 கிராம். மஞ்சள்தூள் அரை ஸ்பூன், கடுகு ஒரு ஸ்பூன், வெந்தயம் ஒரு ஸ்பூன், கட்டிப் பெருங்காயம் சுண்டைக்காய் அளவு. இவ்வளவுதான். எண்ணெய் அதிகமாகத் தெரிகிறதே என்று பாதியாகக் குறைக்கிறவர்கள், செய்ததை ஃப்ரிட்ஜில் வைத்து இரண்டு வாரத்தில் தீர்த்துவிட வேண்டும். எண்ணெய் இங்கே ருசிக்கு மட்டும் வரவில்லை. மேலே மூடிநின்று காற்றைத் தடுக்கவும் வருகிறது. நல்லெண்ணெயில் இயல்பாகவே உள்ள சில பொருள்கள் அது சிக்குவாடை அடிக்காமல் நெடுநாள் காக்கின்றன. கடலை எண்ணெய் அந்த வேலையை இந்த அளவுக்குச் செய்வதில்லை.

புளியில் கொட்டை, கோது, நார் எல்லாம் நீக்கியபின் 100 கிராம் இருக்க வேண்டும். மாசி, பங்குனியில் வரும் புதுப்புளி என்றால் தொக்கு செம்பழுப்பாக வரும். ஒரு வருடம் கிடந்த பழைய புளி என்றால் கறுத்து வரும். இரண்டிலும் எனக்குக் குறை தெரியவில்லை. பாதுகாப்புக்கு வேண்டியது அதிலுள்ள டார்ட்டாரிக் அமிலம், அது இரண்டிலும் இருக்கிறது.

வெல்லம் வாங்கும்போது பளீரென்ற மஞ்சள் நிறத்தைப் பார்த்து மயங்காதீர்கள். வெளுக்கவைக்க ரசாயனம் சேர்ப்பது உண்டு. கறுத்த பாகு வெல்லம் இதற்கு மிகவும் ஏற்றது. தென்மாவட்டக்காரர்கள் பாதி வெல்லம், பாதி கருப்பட்டி போட்டுப் பாருங்கள். கருப்பட்டியின் லேசான கசப்பும் வெந்தயத்தின் கசப்பும் சேர்ந்து காரத்துக்கு ஒரு ஆழம் கொடுக்கும். முழுக்கக் கருப்பட்டி போட்டால் புளியின் வாசனை அமுங்கிவிடுகிறது. எதுவானாலும் இரண்டு கரண்டி தண்ணீரில் இளக்கி வடிகட்டிக்கொள்ளுங்கள். மண் இல்லாத வெல்லத்தை நான் இன்னும் பார்க்கவில்லை.

கல்லுப்பை வெறும் சட்டியில் போட்டு, படபடவென்று வெடிக்கும்வரை வறுத்துப் பொடித்துக்கொள்ள வேண்டும். உப்பிலிருக்கும் ஈரம் போவதற்காக இது.

பாத்திரம் முக்கியம். கல்சட்டி இருந்தால் யோசிக்கவே வேண்டாம். இல்லாவிட்டால் அடிகனமான எவர்சில்வர் பாத்திரம் அல்லது பழகிய மண்சட்டி. அலுமினியமும் ஈயம் பூசாத பித்தளையும் புளிக்கு ஆகாது. புளி அவற்றை அரித்து உணவில் இறக்கும். பித்தளையில் களிம்பு ஏறும். இரும்புச் சட்டியில் வைத்தால் கறுத்து, நாக்கில் இரும்பு வாடை நிற்கும்.

செய்முறை

முந்தின நாள் மாலையே தொடங்குங்கள். மிளகாயைக் காம்போடு கழுவ வேண்டும். காம்பைக் கிள்ளிவிட்டுக் கழுவினால் அந்தத் துளை வழியே தண்ணீர் உள்ளே போய்த் தங்கிவிடும். மேலே எவ்வளவு துடைத்தாலும் அது வெளியே வராது. கழுவியதை ஒரு பருத்தித் துணியில் பரப்பி, இரவு முழுவதும் மின்விசிறிக்குக் கீழே உலரவிடுங்கள். காலையில் காம்பைக் கிள்ளுங்கள். முழுதாக வைப்பதென்றால் காம்படியில் ஒரு விரற்கடை விட்டு, நுனிவரை ஒரு கீறல். கீறாத மிளகாய் எண்ணெயில் வெடித்து முகத்தில் தெறிக்கும். கீறல் சின்னதாக இருந்தால், உள்ளே இருக்கும் நீர் வெளியேறாமல் தங்கி, ஜாடிக்குப் போனபின் மெல்லக் கசியும். ஊறுகாய் கெடுவதற்கு அந்தக் கசிவு போதும்.

புளியை 350 மி.லி. கொதிநீரில் அரைமணி நேரம் ஊறவைத்துக் கெட்டியாகப் பிசைந்து வடிகட்டுங்கள். சக்கையில் மறுபடி 100 மி.லி. சுடுநீர் விட்டுப் பிழிந்து, அதையும் சேர்த்துக்கொள்ளலாம். மூன்றாம் தடவை வேண்டாம். அது வெறும் தண்ணீர்தான், சுண்டவைக்கும் வேலைதான் கூடும். வெந்தயத்தைச் சிவக்க வறுத்துப் பொடித்துத் தனியே வையுங்கள். சிவக்கத்தான், கறுக்க அல்ல.

சட்டியில் 100 மி.லி. எண்ணெயைக் காயவைத்துக் கடுகு, பெருங்காயம் போடுங்கள். கடுகு வெடித்து ஓய்ந்ததும் தீயை மட்டாக்கி மிளகாயை எல்லாம் ஒன்றாகப் போட்டுவிடுங்கள். இனி பத்து நிமிடம் அடுப்பைவிட்டு நகரக்கூடாது. முதலில் மிளகாயின் பச்சை இன்னும் தெளிவாகும், கடையில் பார்த்ததைவிடப் பளிச்சென்று. அடுத்துத் தோலில் சின்னச் சின்னக் கொப்புளங்கள் எழும்பி, அங்கங்கே வெள்ளைத் திட்டுகள் விழும். நெடி மூக்கில் ஏறும். ஜன்னலைத் திறந்து வைத்திருப்பீர்கள் என்று நம்புகிறேன். இந்தக் கட்டத்தில் நிறுத்திவிடாதீர்கள். எல்லா மிளகாயிலும் திட்டு விழுந்து, உடல் தளர்ந்து, கரண்டியால் அழுத்தினால் எதிர்க்காமல் அமுங்க வேண்டும். பெரியம்மா சொன்ன அடங்குதல் இதுதான். ஒரு மிளகாயை எடுத்து ஆறவைத்து நகத்தால் அழுத்திப் பாருங்கள். நகம் தோலில் எளிதாக இறங்க வேண்டும்.

இப்போது மஞ்சள்தூள், உப்பு, புளிக்கரைசல். ஊற்றியதும் சட்டி ஒருமுறை சீறி அடங்கும். தீயைக் கூட்டிக் கொதி வந்ததும் மறுபடி மட்டாக்குங்கள். கொஞ்ச நேரத்தில் மிளகாயின் பச்சை மங்கிப் பாசி நிறத்துக்கு வரும். கெட்டுவிட்டதோ என்று பதற வேண்டாம். புளிப்புப் பட்டால் இலைப்பச்சையத்தின் நிறம் இப்படித்தான் மாறும். நிறத்தைக் காப்பாற்ற ஆப்ப சோடா போடச் சொல்லும் குறிப்புகள் உண்டு, தயவுசெய்து செய்யாதீர்கள். சோடா புளிப்பை முறிக்கும். அந்தப் புளிப்புத்தான் இந்த ஊறுகாயின் காவல்.

பதினைந்து, இருபது நிமிடத்தில் கரைசல் பாதியாகச் சுண்டி, கரண்டியின் பின்புறத்தில் ஒட்டும். அப்போது வெல்லக் கரைசலை ஊற்றுங்கள். இதற்கப்புறம் அடிபிடிக்கும் என்பதால் கரண்டி ஓயக்கூடாது. முதலில் எல்லாம் இளகித் தண்ணீர் போலத் தெரியும். ஐந்து நிமிடத்தில் மறுபடி இறுகும். மீதி எண்ணெயைக் காயவைத்து ஆறவிட்டு, இப்போது சேர்த்துக்கொள்ளுங்கள். கொதியின் சத்தத்தைக் கேளுங்கள். நீர் இருக்கும்வரை தளதளவென்று பெரிய குமிழிகளாக வெடிக்கும். நீர் போகப் போகக் குமிழி சின்னதாகி, சத்தம் அடங்கி, ஓரங்களில் எண்ணெய் பிரிந்து மிதக்கும்.

பதம் பார்க்க ஒரு துளித் தொக்கைத் தட்டில் வைத்து இரண்டு நிமிடம் விடுங்கள். அதைச் சுற்றி எண்ணெய் வளையம் மட்டும் இருந்தால் சரி. நீர் வளையம் கசிந்தால் இன்னும் ஐந்து நிமிடம். ஆறினால் மேலும் இறுகும் என்பதால் அல்வா போல் ஆகும்வரை காத்திருக்காதீர்கள். கரண்டியிலிருந்து மெல்ல வழிய வேண்டும். இறக்கி வைத்து வெந்தயப்பொடி தூவிக் கிளறுங்கள். அடுப்பில் இருக்கும்போதே வெந்தயம் போட்டால் கசப்பு மிஞ்சும்.

ஜாடியில் போடுதல்

மூடாமல் முழுக்க ஆறவிடுங்கள். சூட்டோடு மூடினால் மூடியில் நீர் வேர்த்து உள்ளே சொட்டும். கண்ணாடி பாட்டிலோ பீங்கான் ஜாடியோ கொதிநீரில் கழுவி, வெயிலில் வைத்து, தொட்டால் சுடும் அளவுக்குக் காய்ந்திருக்க வேண்டும். ஒரு வருடம் அவசரத்தில், கழுத்துப் பகுதி ஈரமாக இருந்த ஜாடியில் போட்டுவிட்டேன். ஒன்பதாம் நாள் அந்த ஈரம் இருந்த இடத்தில் பஞ்சுபோல் வெள்ளைப் பூசணம் வளையமாகப் படர்ந்திருந்தது. ஒரு கிலோ மிளகாயின் உழைப்பு குப்பைக்குப் போயிற்று.

மிளகாயை முதலில் அடுக்கி, தொக்கை மேலே ஊற்றி, ஜாடியை இரண்டு தட்டுத் தட்டிக் காற்றுக் குமிழிகளை வெளியேற்றுங்கள். மேலே அரை விரற்கடை எண்ணெய் நிற்க வேண்டும். போதாவிட்டால் காய்ச்சி ஆறிய எண்ணெய் ஊற்றுங்கள். மூன்று நாள் தொடாதீர்கள். பத்தாம் நாள்தான் உண்மையான ருசி. சமையலறை அலமாரியில் மூன்று வாரம், ஃப்ரிட்ஜில் நான்கு மாதம் என்பது என் வீட்டு வரையறை. நன்றாகச் சுண்டியது அதற்கு மேலும் தாங்கும். ஆனால் நான் அந்தக் கணக்கோடு நிறுத்திக்கொள்கிறேன்.

சீனி மிளகாய்

இது நம் ஊர்ப் பழக்கம் இல்லை. அமெரிக்காவில் டெக்சாஸ் பக்கம் ஹாலபேனோ மிளகாயை வட்டமாக நறுக்கி, வினிகரும் சீனியும் சேர்ந்த பாகில் ஊறவைப்பார்கள். கவ்பாய் கேண்டி என்று பெயர். மெக்சிகோவின் வெராகுரூஸ் மாநிலத்திலுள்ள ஹாலபா நகரின் பெயர்தான் அந்த மிளகாய்க்கு. அவர்களுடைய செய்முறைகளிலும் மஞ்சள்தூள் இருப்பதைப் பார்த்தபோது எனக்கு அது அந்நியமாகவே தெரியவில்லை. ஹாலபேனோ பெரிய நகரக் கடைகளில் கிடைக்கிறது. கிடைக்காவிட்டால் பஜ்ஜி மிளகாய் முக்கால் பங்கும், காரமான பச்சை மிளகாய் கால் பங்கும் கலந்துகொள்ளுங்கள். அதே சுவை வராது, ஆனால் வருவது நன்றாக இருக்கும்.

மிளகாய் 500 கிராம், வினிகர் 250 மி.லி., சீனி 350 கிராம், உப்பு ஒரு ஸ்பூன், மஞ்சள்தூள் கால் ஸ்பூன், கடுகு ஒரு ஸ்பூன், தட்டிய பூண்டு ஆறு பல். மிளகாயைக் கால் அங்குல வட்டங்களாக நறுக்கவும். இதைவிட மெல்லியதாக நறுக்கினால் பாகில் சுருங்கித் தோல் மட்டும் மிஞ்சும். வினிகரோடு மற்ற எல்லாவற்றையும் சேர்த்து ஐந்து நிமிடம் கொதிக்கவிட்டு, மிளகாயைப் போட்டு நான்கு நிமிடம் மட்டும் வைத்து, ஜல்லிக் கரண்டியால் அரித்து பாட்டிலில் போடுங்கள். பாகை மட்டும் இன்னும் ஆறு நிமிடம் கொதிக்கவைத்துச் சூடாக அதன்மேல் ஊற்றுங்கள். மிளகாயைப் பாகோடு சேர்த்துக் கொதிக்கவிட்டால் புளிமிளகாயில் சொன்ன அதே சங்கடம்தான்: இனிப்பு நீரை இழுத்துவிடும், தோல் இறுகிவிடும். மிளகாயை வெளியே எடுத்துவைத்துப் பாகைத் தனியே சுண்டவைப்பது அதனால்தான். ஆறியதும் மூடி ஃப்ரிட்ஜில் வைத்து, இரண்டு வாரம் கழித்துத் திறங்கள். மூன்று மாதத்துக்குள் தீர்த்துவிட வேண்டும். சப்பாத்திச் சுருளுக்குள்ளும் ரொட்டி, சீஸ் இடையிலும் வைத்துச் சாப்பிடலாம். மிஞ்சும் பாகைக் கொட்டாதீர்கள், வறுத்த கோழியின்மேல் தடவினால் அற்புதமாக இருக்கும்.

வினிகர் விஷயத்தில் ஒரு எச்சரிக்கை. அமெரிக்கச் செய்முறைகள் 5 சதவீத வினிகரைக் கணக்கில் வைத்து எழுதப்பட்டவை. நம் கடைகளில் கிடைப்பது பெரும்பாலும் 4 சதவீதம். நம் உணவுத்தர விதி கேட்பது குறைந்தது 3.75. அவர்கள் பாட்டிலைக் கொதிநீரில் முக்கி எடுத்து அலமாரியில் ஒரு வருடம் வைப்பதைப் பார்த்து, நம் வினிகரில் அப்படியே செய்யாதீர்கள். நம்முடையதற்கு ஃப்ரிட்ஜ்தான் இடம். அடர்த்தியான அசிட்டிக் அமிலத்தை வாங்கி வீட்டில் தண்ணீர் கலப்பதும் வேண்டாம். தோலையும் தொண்டையையும் புண்ணாக்கிவிடும்.

இலங்கையில் மலாய் மக்கள் வைக்கும் மலே அச்சாறும் இந்தக் குடும்பம்தான். சின்ன வெங்காயம், பச்சை மிளகாய், பேரீச்சம்பழம், அரைத்த கடுகு, சீனி, வினாகிரி. நம் வினிகரை அங்கே வினாகிரி என்பார்கள். வெங்காயத்தையும் மிளகாயையும் கொதிக்கும் வினாகிரியில் ஒருமுறை காட்டி எடுத்து, மற்றவற்றை அரைத்துக் கலந்து ஊறவைப்பது. பேரீச்சையின் இனிப்பும் கடுகின் நெடியும் சேர்வதால் அதன் வழி வேறு. விரிவாக அடுத்த அத்தியாயத்தில்.

எதற்கு இவ்வளவு புளிப்பு

சிலர் புளியையும் வினிகரையும் பாதியாகக் குறைத்து, எண்ணெயை மட்டும் நிறைய ஊற்றி வைக்கப் பார்க்கிறார்கள். இதை நான் வன்மையாக மறுக்கிறேன். மிளகாய் தன்னளவில் புளிப்புக் குறைந்த காய். காற்றுப் புகாத, புளிப்பில்லாத, ஈரமுள்ள இடம் கிடைத்தால் கிளாஸ்ட்ரிடியம் பொட்டுலினம் என்ற நுண்ணுயிரி வளர்ந்து கொடிய நச்சை உண்டாக்கும். அதன் வித்துகள் சாதாரணக் கொதியில் சாவதில்லை. நச்சுக்கு வாசனையோ நிறமோ இருக்கும் என்றும் நம்ப முடியாது. அமிலத்தன்மையை அளக்கும் பி.எச். அளவு 4.6க்குக் கீழே இருந்தால் அது வளராது. புளியும் வினிகரும் நம்மை அந்தக் கோட்டுக்குக் கீழே வைக்கின்றன. பச்சைப் பூண்டையும் பச்சை மிளகாயையும் வெறும் எண்ணெயில் ஊறப்போட்டு அலமாரியில் வைப்பது இதனால்தான் ஆபத்து. இனிப்பைக் கூட்டலாம், குறைக்கலாம். காரத்தைக் கூட்டலாம், குறைக்கலாம். புளிப்பில் கை வைக்காதீர்கள்.

உப்பு கூடிவிட்டால் கொஞ்சம் புளிக்கரைசலும் வெல்லமும் தனியே சுண்டவைத்துச் சேர்க்கலாம், தண்ணீர் ஊற்றக்கூடாது. இறுகிப்போனால் சூடான எண்ணெய் இரண்டு கரண்டி. பூசணம் பூத்தால், மூடியைத் திறக்கும்போது புஸ்ஸென்று காற்று வந்தால், நுரைத்தால், மொத்தத்தையும் கொட்டிவிடுங்கள். மேலே உள்ளதை மட்டும் வழித்துவிட்டு அடியில் இருப்பதைக் காய்ச்சிச் சாப்பிடுவது வேண்டாம். பூசணத்தின் வேர் கண்ணுக்குத் தெரிவதைவிட ஆழமாக இறங்கியிருக்கும்.

முதல் தடவை கால் கிலோவுக்கு மேல் வைக்காதீர்கள். ஈரமில்லாத மரக்கரண்டி ஒன்றை ஜாடிக்கென்றே ஒதுக்கிவிடுங்கள். வைத்த தேதியை ஒரு தாளில் எழுதி ஜாடியில் ஒட்டுங்கள், பத்தாம் நாள் எது என்பதையும் சேர்த்து.